அலங்கோலத்துக்குள் ஒரு கோலம்

மார்ச் 4
வீட்டுக் கணக்கு நேராகிவிட்டது. வீடுதான் நேராகவில்லை. தங்கை வந்ததிலிருந்து பின்னறையில் கால் வைக்க இடமில்லை. காலையில் அவள் பெட்டியின் வார் இவர் காலில் சிக்கி, விழப் பார்த்தார். “அலங்கோலம். இந்த மாசத்தோட ஹாஸ்டல் பாத்துக்கச் சொல்லு உன் தங்கச்சிய.” அவள் காதில் விழும்படியே சொன்னார். புருஷனை விட்டு வந்தவள் — எங்கே போவாள்?

மார்ச் 5
‘அலங்கோலம்’ — அந்தச் சொல் மண்டையை விட்டுப் போகவில்லை. சின்ன வயதில் அம்மாவும் தங்கையை அப்படித்தான் திட்டுவாள். அகராதியை எடுத்தேன். ஒழுங்கின்மை என்று போட்டிருக்கிறது; அது தெரிந்ததுதானே. சொல்லையே உற்றுப் பார்த்தேன். அலம். கோலம். கோலம் என்றால் வடிவம், அழகு. ஆண்டவனே, தினமும் உன் திருக்கோலம் காட்டு என்று கேட்கிறேனே — அதே கோலமா? உடம்பு சிலிர்த்துவிட்டது. ஒரு வசவுக்குள்ளேயா வந்து உட்கார்ந்திருக்கிறாய்?

மார்ச் 6
‘அலம்’ பிடிபடவில்லை. தேடும்போது ‘அலமரல்’ கண்ணில் பட்டது — சுழலுதல், மனம் கலங்குதல். இரண்டும் ஒரே வேரா? அகராதி சொல்லவில்லை, நானும் பெரிதாகப் படித்தவள் இல்லை. ஆனாலும்... கலங்கிச் சுழல்கிற கோலம்.

பின்னறை வாசலில் போய் நின்றேன். பெட்டியிலிருந்து வேண்டியதை மட்டும் உருவியிருக்கிறாள், மிச்சமெல்லாம் தரையில்.

“மடிச்சு வச்சா என்னடி?”

“எங்க வைக்க அக்கா? இருன்னு யாராவது சொன்னாதானே.”

மார்ச் 7
ஒன்றும் எழுத ஓடவில்லை.

மார்ச் 8
சாப்பிடும்போது இவரிடம் சொல்லிவிட்டேன், அலத்தையும் கோலத்தையும். “அப்போ உன் தங்கச்சியக் கும்பிட்டுட்டுத்தான் வேலைக்குப் போகணுமாக்கும்.”

“கும்பிட வேணாம். இருன்னு சொல்லுங்க, போதும்.”

சாப்பிட்டு முடித்தார். கை கழுவும்போது, “அலத்த மாத்துறதாலதான் அலமாரின்னு பேர் வச்சான் போல” என்றார். உள்ளே தங்கை களுக்கென்று சிரித்தாள். வந்ததிலிருந்து இதுதான் முதல் சிரிப்பு.

அகராதியைப் பார்த்தேன். அலமாரி போர்த்துக்கீசியச் சொல்லாம். இவரிடம் சொல்லவில்லை.

மார்ச் 15
இரும்பு அலமாரி ஒன்று வந்து இறங்கியது. என்னிடம்கூட மூச்சு விடவில்லை மனுஷன். பின்னறைக்குள் திருப்புவதற்குள் சுவரில் காரை பெயர்ந்துவிட்டது. இவர் வியர்வையைத் துடைத்துக்கொண்டு, தங்கையைப் பார்க்காமலே சொன்னார்: “இத இனி யாராலயும் வெளியே எடுக்க முடியாது. இங்கதான் இருந்தாகணும்.”

“சரிங்க அத்தான்.”

சாயங்காலம் எட்டிப் பார்த்தேன். பெட்டி காலி. துணியெல்லாம் அலமாரிக்குள், ஒன்றுகூட மடிக்காமல், பந்து பந்தாக. கதவு சாத்தவில்லை, ஒரு சட்டைக் கை வெளியே தொங்கியது. அதை உள்ளே தள்ளக் கை நீட்டினேன். பிறகு அப்படியே விட்டுவிட்டு, சந்நிதியில் நிற்பதுபோல வெகுநேரம் பார்த்துக்கொண்டு நின்றேன்.