கீழ இறங்கி வா

மார்ச் 3, செவ்வாய்

இன்றைக்கும் ஒருவர் என்னை "சார்" என்றார். நான் வேலை செய்கிற மூக்குக்கண்ணாடிக் கடைக்குப் போன் செய்து, "சார், என் லென்ஸ் வந்தாச்சா?" என்று. வந்துவிட்டது என்றேன். "தேங்க்ஸ் சார்." நான் திருத்தவில்லை. திருத்தினால் அவர் மன்னிப்புக் கேட்பார், நான் பரவாயில்லை என்பேன், அந்தப் பரவாயில்லை பாதியில் உடைந்து தொலைக்கும். சாராகவே இருந்துவிட்டுப் போகிறேன்.

கழுத்தில் ஆபரேஷன் ஆகி ஒரு வருஷம் ஆகப்போகிறது. தைராய்டில் இருந்த கட்டியை எடுத்தார்கள். கெட்ட கட்டி இல்லை, பிழைத்துக்கொண்டேன். ஆனால் குரலுக்குப் போகிற நரம்பு ஒன்று அதோடு சோர்ந்துபோனது. சனி ஞாயிறுகளில் மெல்லிசைக் குழுவில் ஐந்தரைக் கட்டைச் சுருதியில் பாடிக்கொண்டிருந்தவள் நான். இப்போது ரெண்டரைக்கு மேலே போனால் பழைய துணியைக் கிழிக்கிற சத்தம்தான்.

மார்ச் 7, சனி

குழுவில் கீபோர்டு வாசித்த அண்ணன் கடைக்கு வந்தார். கண் பரிசோதனை என்றார். போர்டில் கடைசி வரி வரை கடகடவென்று படித்துவிட்டு, "கண்ணு நல்லாத்தான் இருக்கு. உன்னைத்தான் பாக்க வந்தேன்" என்றார்.

அவரும் குழுவை விட்டுவிட்டாராம். வீட்டிலேயே கம்ப்யூட்டரில் எலக்ட்ரானிக் இசை போடுகிறார். ஒரு மெட்டு தயாராக இருக்கிறது, பெண்குரல் வேண்டும்.

"அண்ணா, என்கிட்ட இப்ப இருக்கறது பெண்குரல்னு உங்களுக்கு யார் சொன்னது?"

"நீ வந்து பாடு. மிச்சத்தைக் கம்ப்யூட்டர் பாத்துக்கும்."

போகலாமா? வேண்டாம். போய்த்தான் பார்ப்போமா?

மார்ச் 8, ஞாயிறு

போனேன். போயிருக்கவே கூடாது.

அவர் ஸ்டுடியோ என்பது அவர்கள் படுக்கையறைதான். சுவரெல்லாம் பழைய போர்வை. மைக் துணி அலமாரிக்குள்ளே, அவர் மனைவியின் உடுப்புகளுக்கு நடுவில் தொங்குகிறது. ஃபேனை நிறுத்தியாக வேண்டும், இல்லாவிட்டால் அதுவும் கூடவே பாடும். பக்கத்து வீட்டுத் தண்ணீர் மோட்டார் ஓடி ஓயும்வரை வேர்க்க வேர்க்க உட்கார்ந்திருந்தோம்.

பாடினேன். மேலே போன இடத்தில் குரல் இரண்டாகப் பிளந்தது. அண்ணன் முகத்தில் ஒன்றும் காட்டிக்கொள்ளவில்லை. மௌஸை இப்படியும் அப்படியும் நகர்த்தினார். பிறகு ஸ்பீக்கரில், ஐந்தரைக் கட்டையில், வழுவழுவென்று நான். போன வருஷத்து நான்.

அழுகை வரும் என்று நினைத்தேன். கோபம்தான் வந்தது.

"யாருண்ணா இது?"

"நீதாம்மா."

"நான் இல்ல. நான் அவ்வளவு மேல இல்ல. நீங்க கீழ இறங்கி வாங்க, நான் அங்கதான் இருக்கேன்."

சொல்லிவிட்டுச் செருப்பை மாட்டிக்கொண்டு வந்துவிட்டேன். அண்ணி போட்டுவைத்த டீ அப்படியே ஆறிக்கிடந்திருக்கும். பாவம், நல்ல மனுஷர். அவர் என்ன செய்வார்?

மார்ச் 10, செவ்வாய்

கூப்பிட்டார். எடுக்கவில்லை.

மார்ச் 14, சனி

அண்ணன் ஓர் ஆடியோ அனுப்பியிருக்கிறார். முழு மெட்டையும் ரெண்டரைக் கட்டைக்கு இறக்கியிருக்கிறார். வேகத்தையும் குறைத்து, அடித்தாளத்தைத் தடதடவென்று இல்லாமல் நெஞ்சுத்துடிப்பு மாதிரி வைத்திருக்கிறார். அதன்மேல் அவர் குரலிலேயே, கேட்கச் சகிக்காத குரல் அது, இரண்டு வரி:

கொஞ்சம் கீழ இறங்கி வா
நான் அங்கதான் இருக்கேன்

"நீ திட்டினதை அப்படியே மெட்டுல போட்டுட்டேன். கோவமா?" என்று எழுதியிருந்தார்.

சமையலறையில் நின்று சத்தம் போட்டுச் சிரித்தேன். என் வீட்டுக்காரர் எட்டிப்பார்த்து, "என்ன?" என்றார். ஒன்றுமில்லை என்றேன். சிரிப்பிலும் என் குரல் உடைகிறது. இதுவரை அதைக் கவனிக்க வாய்ப்பே வரவில்லை போலிருக்கிறது.

மார்ச் 22, ஞாயிறு

வீட்டில் அந்த இசையை ஓடவிட்டு முணுமுணுத்துக்கொண்டிருந்தேன். நாத்தனார் சாப்பிட வந்தாள். இவருடைய தங்கை, பல் டாக்டரிடம் வரவேற்பில் வேலை. குடும்பத்தில் அவளுக்கு எக்ஸ்பிரஸ் என்று பெயர். கிளம்பினால் நடுவில் எந்த ஸ்டேஷனிலும் நிற்கமாட்டாள்.

தட்டும் கையுமாகக் கேட்டவள், தாளத்துக்குள் புகுந்து தன்பாட்டுக்குப் பேச ஆரம்பித்தாள். டாக்டர் வர லேட்டானதற்குத் தன்னைத் திட்டின ஆளைப் பற்றி. ஒரு மூச்சில், ஒரு சொல் பிசகாமல், அடிக்கு அடி சரியாக விழுந்தது.

"எங்க கத்துக்கிட்ட?"

"காலேஜ்ல இருந்தே எழுதறேன் அண்ணி. யார்கிட்டயும் சொல்லல. ஏற்கனவே வாயாடிங்கறாங்க, ராப்பும் பாடறேன்னா பொண்ணு பாக்க வர்றவன் வாசலோட திரும்பிடுவான்னு அம்மா ஒப்பாரி வைப்பாங்க."

அண்ணனுக்குப் போன் போட்டு அவளைப் பேசவிட்டேன். அவர் கேட்டுவிட்டுச் சொன்னது ஒன்றே ஒன்றுதான்: "இந்தப் பொண்ணு மூச்சு விடுமா விடாதா?"

மார்ச் 29, ஞாயிறு

என்ன நெனச்சுட்டு இருக்கா இவ?

அண்ணன் வீட்டில் தான் எழுதினதைப் படித்துக்காட்டினாள். தொடக்கம் பிரமாதம்:

வாயை மூடுன்னு வீடு சொல்லுச்சு
வரிசையில நில்லுன்னு ரோடு சொல்லுச்சு
நாலு பேரு என்ன சொல்வாங்க, அதே கேள்வி அதே பாட்டு
நாலு பேரைத் தேடிப் போனேன், நாலு வீட்டுலயும் பூட்டு

அண்ணன் தொடையில் தட்டிச் சிரித்தார். நானும்தான். அடுத்து:

கழுத்து மேல சின்னக் கோடு, கத்தி போட்ட ரோடு

என் கழுத்து அது. துணி சுத்தி மூடி வச்சிருக்கேன். கண்ணாடி விக்கற கடையில வேலை, திரும்பின பக்கமெல்லாம் கண்ணாடி, அதுல பாக்காம இருக்க நான் என்ன பாடு படறேன்னு இவளுக்குத் தெரியுமா? ஊருக்கே தம்பட்டம் அடிக்கணுமா? பாட்டுக்கு எதுகை கெடைச்சுது அவளுக்கு, அவ்வளவுதான்.

"நீ யாரைக் கேட்டு எழுதின?" என்றேன். பதில் சொல்ல வாயெடுத்தாள். கேட்க நான் அங்கே இல்லை.

ஏப்ரல் 1, புதன்

"பேசிடேன் அவகிட்ட" என்கிறார் இவர். தங்கைக்கு வக்காலத்து. பேசமாட்டேன்.

ஏப்ரல் 5, ஞாயிறு

அவளே வந்தாள். வந்து உட்கார்ந்தாள். பேசவில்லை. எக்ஸ்பிரஸ் பேசாமல் உட்கார்ந்து நான் பார்த்ததே இல்லை. பயமாகக்கூட இருந்தது. தண்ணீர் கொடுத்தேன்.

"உங்களைப் பத்தி எழுதல அண்ணி" என்றாள். "ஆபரேஷன் அன்னைக்கு எங்கண்ணன் மருந்துக்கும் கையெழுத்துக்கும் ஓடிட்டே இருந்தான். நான்தான் கதவுக்கு வெளிய உக்காந்திருந்தேன். அப்ப எனக்குப் பேச்சே வரல. எனக்கு. யாரோ வந்து நேரம் என்னன்னு கேட்டாங்க, சொல்ல முடியல. அதை எங்கயாவது எறக்கி வைக்கணும்னு இருந்துச்சு. வேணாம்னா எடுத்துடறேன்."

அவள் அங்கே உட்கார்ந்திருந்தது எனக்குத் தெரியும். எப்படி உட்கார்ந்திருந்தாள் என்று கேட்கத் தோன்றியதே இல்லை. நான் உள்ளே மயக்கத்தில் சௌகரியமாகப் படுத்திருந்தேன்.

எடுத்துவிடு என்றேன். சரி என்றாள். இருவருமாகக் கீரை ஆய்ந்தோம். போவதற்குள் பழைய வேகத்துக்கு வந்துவிட்டாள், காது வலித்தது. நிம்மதி.

ஏப்ரல் 19, ஞாயிறு

ஒலிப்பதிவு. ஃபேன் இல்லை, ஜன்னல் இல்லை. அலமாரிக்குள் தலையை விட்டுக்கொண்டு அவள் ராப் சொல்ல, வெளியே தெரிவது முதுகும் வேர்வையும்தான். அந்த ஒரு வரிக்குப் பதில் வேறு ஏதோ போட்டிருந்தாள், வானம், மேகம் என்று. அழகாகத்தான் இருந்தது. ஆனால் அந்த இடம் வரும்போதெல்லாம் பல் விழுந்த இடத்தில் நாக்கு போகிற மாதிரி என் மனசு அங்கேயே போய் நின்றது. அண்ணனும் அந்த இடத்தில் தலையாட்டுவதை நிறுத்திவிடுகிறார்.

"பழைய வரியே இருக்கட்டும்" என்றேன்.

"அண்ணி, வேணாம். உங்களுக்கு—"

"நீ சொல்ல வேண்டாம். அதை நான் சொல்றேன்."

கழுத்துத் துணியை அவிழ்த்துவைத்தேன். புழுக்கம் தாங்கவில்லை, வேறு காரணம் இல்லை. அப்படித்தான் அப்போது நினைத்துக்கொண்டேன். அலமாரிக்குள் போய்ச் சொன்னேன். பாடவில்லை, சொன்னேன். "இன்னொரு தடவை வேணுமா?" என்றார் அண்ணன். வேண்டாம் என்றேன்.

கடைசிப் பல்லவியில் "இருக்கேன்" என்ற இடத்தில் குரல் நன்றாகவே உடைந்தது. "இதை மட்டும் லேசாத் தேச்சு விடட்டுமா?" என்று கேட்டார். கையை மௌஸ் மேல் வைத்தபடி காத்திருந்தார். தொடாதீங்கண்ணா என்றேன். கையை எடுத்துவிட்டார்.

மே 8, வெள்ளி

பாட்டை இணையத்தில் விட்டோம். பெயர் "கீழ இறங்கி வா". கடையில் ஒருவருக்கு இடது கண் பவரை வலது கண்ணுக்கு எழுதிவிட்டேன். நல்லவேளை, அவரே பார்த்துச் சொன்னார்.

மே 9, சனி

கேட்டவர்கள் எல்லாம் சொந்தக்காரர்கள். அதிலும் பாதிப் பேர் கேட்காமலே பாராட்டினார்கள்.

மே 12, செவ்வாய்

எங்கள் பழைய குழுத் தலைவர் பாட்டுக்குக் கீழே எழுதியிருக்கிறார்: "நல்ல பாடகி. கம்ப்யூட்டருக்குள் போட்டு அரைத்துவிட்டார்கள். கேட்கவே கஷ்டமாக இருக்கிறது."

எனக்கு ஆபரேஷன் ஆனது அவருக்குத் தெரியும். ஆனால் அதற்குப் பிறகு ஒரு தடவைகூட வந்து பார்த்ததில்லை. என் குரல் இப்போது எப்படியென்று அவருக்கு எப்படித் தெரியும்?

எக்ஸ்பிரஸ் பதில் எழுதக் கிளம்பிவிட்டாள். நான்தான் பிடித்து நிறுத்தினேன்.

மே 20, புதன்

இவர் ஓட்டக் கற்றுக்கொடுக்கிற டிரைவிங் ஸ்கூல் காரில் எங்கள் பாட்டைப் போடுகிறாராம், என்னிடம் சொல்லாமலே. இன்றைக்கு ராப் வருகிற இடத்தில் ஓர் அம்மா ஆக்சிலரேட்டரை மிதித்துவிட, இவர் தன் பக்கத்து பிரேக்கை அழுத்தி நிறுத்தினாராம். "இனிமே உன் பல்லவி மட்டும்தான் போடுவேன். அதுல எல்லாரும் ஒழுங்கா ரெண்டாவது கியர்ல போறாங்க" என்றார். கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் இவர் என் பாட்டைப் பற்றிச் சொன்ன முதல் விமர்சனம்.

எங்கிருந்தோ முன்பின் தெரியாதவர்கள் கேட்கிறார்கள். ஒரு நடனப் பள்ளிக்காரர்கள் ஆடிப் போட்டிருக்கிறார்கள். கீழே பெரிய சண்டை: அந்தக் குரல் மனுஷக் குரலா, மிஷினா? ஒரு பையன் அண்ணனுக்கே எழுதிக் கேட்டிருக்கிறான், "அந்த உடையிற எஃபெக்ட் பேர் என்ன சார்?" என்று. அண்ணன் பதில் எழுதாமல் எனக்கு அனுப்பிவிட்டார். நானும் எழுதவில்லை. என்ன எழுதுவது?

ஜூன் 4, வியாழன்

வானொலியில் பாட்டைப் போட்டார்கள். முன்னதாக நேரலையில் என்னோடு பேசினார்கள். கடையின் பின்னறையில், கண்ணாடிச் சட்டப் பெட்டிகளுக்கு நடுவே நின்று பேசினேன். நிகழ்ச்சி நடத்துகிற பெண்ணுக்குத் தேன் மாதிரிக் குரல். பொறாமையாகக்கூட இருந்தது.

"அந்தக் கடைசி 'இருக்கேன்' இருக்கே, அதை எந்த சாஃப்ட்வேர்ல உடைச்சீங்க? எல்லாரும் கேக்கறாங்க."

"அதை உடைச்சது டாக்டருங்க" என்றேன்.

சிரித்தாள். பிறகு என் குரலைக் கவனித்திருக்க வேண்டும், சிரிப்பை நிறுத்தினாள். சொன்னேன். டாக்டர் மேல் குறை இல்லை, அவரால்தான் நல்லபடியாக இருக்கிறேன் என்றும் சொன்னேன். இதுதான் இப்போது என் குரல், எஃபெக்ட் எதுவும் போடவில்லை என்றேன். அதைச் சொல்லும்போதும் உடைந்தது. ஊரே கேட்டது.

பிறகு நேயர்கள் கூப்பிட்டார்கள். மூன்றாவதாக ஒருவர், குரலே இல்லை, காற்றுதான்: "எனக்கும் தொண்டையில ஆபரேஷன். போன்ல பேசறதையே விட்டுட்டேன். இன்னைக்குத்தான்." அவ்வளவுதான் சொன்னார். அந்தப் பெண் அவரை அவசரப்படுத்தவில்லை. நல்ல பெண்.

பின்னறையிலிருந்து வெளியே வந்தால், கடைக்காரர் எல்லா வாடிக்கையாளர்களையும் உட்காரவைத்து வானொலி கேட்டுக்கொண்டிருந்தார்.

ஜூன் 7, ஞாயிறு

என் அம்மாவைப் பார்க்கப் போனோம். அம்மாவிடம் இணையம் கிடையாது. எக்ஸ்பிரஸ் தன் போனில் பாட்டைப் போட்டு அம்மா காதருகே பிடித்தாள். முழுக்கக் கேட்டுவிட்டு, "யாரு பாடறது? அழுத்தமா இருக்கே குரல்" என்றார் அம்மா.

நான்தான் என்றேன்.

என்னையே பார்த்தார். ஆபரேஷனுக்குப் பிறகு அம்மா என்னைப் பாடச் சொன்னதே இல்லை, என் பழைய பாட்டுகளைப் போட்டதும் இல்லை. நான் வருத்தப்படுவேன் என்று அவரும், அவர் வருத்தப்படுவார் என்று நானும். கையை நீட்டி என் கழுத்தைத் தொட்டார். தழும்பின் மேல் விரல் நின்றது. "இன்னொரு தடவை போடு" என்றார். "அந்த வேகமாப் பேசற பொண்ணைக் கொஞ்சம் மெதுவாப் பேசச் சொல்லு."

"அது நான்தான் அத்தை" என்றாள் எக்ஸ்பிரஸ்.

"அதான் தெரியுதே" என்றார் அம்மா.

ஜூலை 11, சனி

கடை முடிந்து பஸ்ஸுக்கு நின்றேன். பக்கத்தில் இரண்டு பள்ளிக்கூடப் பெண்கள், ஒரே இயர்போனை ஆளுக்கொரு காதில் மாட்டிக்கொண்டு. ஒருத்தி பாடினாள், "கொஞ்சம் கீழ இறங்கி வா, நான் அங்கதான் இருக்கேன்." சுத்தமான குரல், சுருதி விலகவே இல்லை.

மற்றவள் அவள் தோளில் தட்டினாள். "அப்படி இல்லடி. 'இருக்கேன்'ல குரல் உடையணும். நீ தப்பாப் பாடற."

"எனக்கு அப்படி வரல."

"முயற்சி பண்ணு."

முயற்சி செய்தாள். இருமல்தான் வந்தது. இருவரும் சிரித்தார்கள். மறுபடி முயன்றாள்.

என் பஸ் வந்தது. நான் ஏறவில்லை. அடுத்ததில் போய்க்கொள்ளலாம்.