என் பேர் எழுதின படகு

கோவக்கார மாமாவுக்கு,

வீட்ல வாயே திறக்க மாட்டேங்கிற. அதான் எழுதி, சோத்துத் தூக்குல வச்சு அனுப்புறேன்.

ஆமா, மகளிர் குழுவோட கொச்சி போனப்ப படகு ஏறினேன். தீவு தீவா இறங்கி டச்சு மாளிகை, போர்ச்சுகீசு கோட்டை, வல்லார்பாடத்து மாதா கோயில் எல்லாம் பாத்தேன். கைடு பொண்ணு கதை கதையா சொன்னா. படகு ஒண்ணும் கவுந்துடல.

இங்க உன் வலை கிழிஞ்சதுக்கு அதுதான் காரணம்னு தேங்காய்த்திட்டு துறைமுகம் முழுக்கச் சொல்லி வச்சிருக்க. பொம்பள கால் பட்டா படகுக்கு ஆகாதாம். அந்தப் படகு கொண்டாந்த மீனை ஏலத்துல தொண்டை கிழிய கத்தி விக்க மட்டும் பொம்பள வேணும்.

மாதாகிட்ட உனக்குத்தான் மெழுகுவத்தி ஏத்தினேன். நீ எங்க கேட்ட?

நாளைக்குச் சோறு நானே கொண்டாரேன். கரையில நின்னு நீட்ட மாட்டேன், படகுல ஏறி வந்துதான் குடுப்பேன். வேணாம்னா இன்னைக்கே பெயிண்டு வாங்கி, படகு நெத்தியில இருக்கிற என் பேரை அழிச்சிடு.

உன் பொண்டாட்டி