பதினாறாவது பாட்டின் மெட்டு

பாபடோயிட்டோய்
10.8.1987

ஸ்ரெல்லாவுக்கு,

நான் நலம். நீயும் நலம்தான் என்று தெரியும். சனிக்கிழமை பச்சை வெல்வெற் சட்டையோடு பியானோவுக்கு முன்னால் நீ இருந்த இருப்பைப் பார்த்தால் நலத்துக்கு ஒரு குறையும் தெரியவில்லை.

ரெலிபோன் எடுக்காமல் ஏன் எழுதுகிறேன் என்று யோசிப்பாய். ரெலிபோனில் சொன்னால் நீ அழுவாய். நீ அழுதால் நான் பாதியில் நிறுத்திவிடுவேன். இந்தமுறை பாதியில் நிறுத்துகிற எண்ணம் எனக்கு இல்லை.

நீ அனுப்பின டிக்கெற்றோடு வந்தேன். விமானத்துக்குச் சாப்பாடு கட்டுகிற வேலையில் ஷிப்ற் மாற்றிக்கொண்டு, இரண்டு பஸ் ஏறி வந்தேன். அறுபது வருடமாக எல்லாரும் மறந்துபோன அமெரிக்க இசைநாடகத்தை உங்கள் குழு தேடி எடுத்து மேடையேற்றுகிறது என்று பெரிதாகச் சொன்னாயே, பார்ப்போம் என்றுதான் வந்தேன். முதல் பாதியில் குறை சொல்ல ஒன்றுமில்லை. தொப்பிக்கடையில் வேலை செய்கிற பெட்டை, அவளுக்கு ஒரு காதலன், மீசை முறுக்குகிற முதலாளி. இரண்டு இடத்தில் சிரித்தேன்கூட.

இடைவேளைக்குப் பிறகு அந்தப் பெட்டை ஏணியில் ஏறி நின்று, தொப்பிக்கு வைக்க ஒரு நீல இறகு எங்கே கிடைக்கும் என்று பாடத் தொடங்கினாள். ஸ்ரெல்லா, அது அப்பா அம்மாவுக்குப் போட்ட மெட்டு. அம்மா படுக்கையில் கிடந்த இருபத்தாறு நாளும் அப்பா கட்டிலடியில் ஆர்மோனியத்தை வைத்து வாசித்த மெட்டு. அதில் நின்று அவள் இறகு தேடுகிறாள். சனம் எழும்பி நின்று கைதட்டுகிறது. பக்கத்தில் இருந்த வெள்ளைக்காரக் கிழவி என் கையைப் பிடித்து "லவ்லி, லவ்லி" என்கிறாள்.

யாழ்ப்பாணத்துக் கோயில் பாடகர் குழுவை நடத்தின ஜெயரட்ணம் மாஸ்ரரின் மெட்டு, அமெரிக்காவிலிருந்து வந்த நாடகத்துக்குள் எப்படிப் போனது? அறிய விருப்பம்.

விக்ரோறியா


பக்குரங்கா
13.8.1987

அன்புள்ள அக்காவுக்கு,

உங்கள் கடிதத்தை மூன்று தரம் வாசித்தேன். நீங்கள் நினைப்பது சரிதான். அது அப்பாவின் மெட்டு.

நடந்ததைச் சொல்கிறேன். இந்த நாடகம் நியூயோர்க்கில் பதினொரு நாள் மட்டும் நடந்து நின்றுபோனது. ஒரு பழைய கிட்டங்கியில் கிடந்த இசைத்தாள்களைப் பெட்டியோடு கப்பலில் எடுப்பித்தோம். வயலினுக்கு ஒன்று, குழலுக்கு ஒன்று என்று பிரிந்து, பாதி செல்லரித்துக் கிடந்தவற்றை நாலு மாதம் இருந்து சேர்த்து எழுதினேன். பதினாறு பாட்டில் பதினைந்து வந்துவிட்டது. பதினாறாவதுக்குச் சொற்கள் மட்டும்தான் இருந்தன, மெட்டு இல்லை. அந்தப் பாட்டில்தான் பெட்டை மனம் மாறுகிறாள். அதை வெட்டினால் நாடகம் நிற்காது.

அரங்கேற்றத்துக்கு ஒன்பது நாள் இருந்தது. வீட்டுப் பியானோவின் மேல் அப்பா மெட்டுகளை எழுதின கொப்பி இருந்தது. ஒரு தரம் வைத்துப் பார்த்தேன். அந்தச் சொற்கள் அளவெடுத்துத் தைத்ததுபோல வந்து உட்கார்ந்தன. எங்கள் இயக்குநர் டொறத்தி எங்கே கிடைத்தது என்று கேட்டாள். பெட்டியின் அடியில் பென்சிலால் எழுதின ஒரு தாள் கிடந்தது என்று சொல்லிவிட்டேன்.

ஏன் அப்படிச் சொன்னேன் என்று கேட்பீர்கள். ஆறு வருடம் இந்தக் குழுவில் வேறு ஆட்கள் வாசிக்கப் பக்கம் புரட்டினேன், தேத்தண்ணி ஊற்றினேன். இந்தமுறைதான் பியானோவில் என்னை இருத்தினார்கள். பேப்பரிலும் அந்தப் பாட்டைத்தான் புகழ்ந்திருக்கிறார்கள்.

நீங்கள் சந்தோசப்படுவீர்கள் என்று நினைத்துத்தான் டிக்கெற் அனுப்பினேன். அப்பாவின் மெட்டை இவ்வளவு சனம் கேட்கிறது. கொப்பிக்குள் கிடந்தால் பூச்சி மட்டும்தானே கேட்கும்?

அன்புடன்
தங்கை ஸ்ரெல்லா


பாபடோயிட்டோய்
17.8.1987

ஸ்ரெல்லாவுக்கு,

பூச்சி கேட்கட்டும். பூச்சி பொய் சொல்லாது.

நான் சந்தோசப்படுவேன் என்று நினைத்தாயாம். அம்மாவின் கட்டிலைத் தூக்கிக்கொண்டுபோய்த் தொப்பிக்கடை வாசலில் போட்டுவிட்டு, அக்கா வந்து பார், எத்தனை சனம் என்கிறாய். உனக்கு வெட்கமே இல்லையா?

அந்தக் கொப்பியை அப்பா உன்னிடம் தந்தது நீ சங்கீதம் படித்தவள் என்று. நான் அங்கே கணக்கு ரீச்சராக இருந்தவள், எனக்கு என்ன தெரியும். எண்பத்துமூன்று ஆடிக் கலவரத்தில் வெள்ளவத்தையில் என் அறை எரிந்தபோது அப்பாவின் படம் ஒன்றுகூட மிஞ்சவில்லை. மிஞ்சியது உன் பியானோவின் மேல் இருந்த அந்த ஒரு கொப்பிதான். அதையும் நீ பேர் தெரியாத ஒரு அமெரிக்கனுக்கு எழுதிக் கொடுத்துவிட்டாய். அப்பாவின் பேரைச் சொல்ல உனக்கு வாய் வரவில்லை, பென்சில் தாள் என்று சொல்ல வந்தது.

இருபத்தொன்பதாம் திகதி பகல் காட்சியோடு நாடகம் முடிகிறது என்று நோட்டீசில் கண்டேன். அதற்கு முன்னம் அந்த டொறத்தியிடம் உண்மையைச் சொல். சொல்லாவிட்டால் நான் வந்து சொல்வேன். அந்த அளவுக்கு என் இங்கிலீஷ் போதும்.

விக்ரோறியா


பக்குரங்கா
19.8.1987

அக்காவுக்கு,

சொல்லுங்கள். தாராளமாக வந்து சொல்லுங்கள். இந்தக் குழுவில் அவர்களுக்கு இருக்கிற ஒரே பெருமை, பழைய நாடகத்தில் ஒரு சுரம்கூடத் தாங்களாகக் கூட்டுவதில்லை என்பதுதான். நீங்கள் ஒரு சொல் சொன்னால் போதும், என்னை வெளியே அனுப்பிவிடுவார்கள். உங்களுக்கும் ஆறுதலாக இருக்கும்.

இந்த நாட்டுக்கு வந்து என் வீட்டில் எட்டு மாதம் இருந்தீர்கள். ஒரு நாளாவது ஏதாவது வாசி என்று கேட்டீர்களா? தலையிடிக்கிறது, மூடு என்பீர்கள். ஒருநாள் என் மனுசன் குணரத்தினம், "பாவம், அவ வாசிக்கட்டும் அக்கா" என்று சொன்னதற்கு நாலு நாள் அவரோடு கதைக்கவில்லை. பிறகு பெட்டியைக் கட்டிக்கொண்டு பாபடோயிட்டோய்க்குப் போய்விட்டீர்கள்.

உங்கள் கோபம் பாட்டைப் பற்றியதல்ல. அம்மாவின் சாவுக்கு நான் வரவில்லை. பதின்மூன்று வருடமாக அதைத்தான் சொல்கிறீர்கள், எதைச் சொன்னாலும் அதைத்தான் சொல்கிறீர்கள். "அம்மாவுக்குச் சுகம், பரீட்சையை முடித்துவிட்டு வா" என்று கொழும்புக்குத் தந்தி அடித்தது அப்பா. நம்பி இருந்தேன். வந்து இறங்கும்போது எல்லாம் முடிந்திருந்தது. அதற்கு மேல் நான் என்ன செய்திருக்க வேண்டும்?

அவர் எனக்கும் அப்பாதான். அவர் கொப்பியில் எழுதியபடியே, ஒரு சுரம் மாற்றாமல் போட்டேன். கடைசி அடியில் அந்தப் பெட்டை உச்சிக்குப் போகிறாளே, அந்த இடத்தில்தான் சனம் எழும்பி நிற்கிறது. அது அப்பாவின் கைவேலை. நான் தலைநிமிர்ந்துதான் வாசிக்கிறேன்.

ஸ்ரெல்லா


பாபடோயிட்டோய்
22.8.1987

ஸ்ரெல்லாவுக்கு,

அப்பா அங்கே மேலே போகவில்லை.

முதல் இரண்டு நாள் மேலேதான் போனார். மூன்றாம் நாள் அம்மா கூடப் பாட வாயைத் திறந்தாள். அந்த இடத்தில் சத்தம் வரவில்லை. தண்ணீர் கேட்கவே குரல் இல்லாத மனுசி, உச்சிக்கு எங்கே போவது? அப்பா அன்றைக்கே அந்த அடியைக் கீழே இறக்கிப் போட்டார். அவ்வளவு கீழே, கிட்டத்தட்டக் கதைக்கிற குரலில். அதற்குப் பிறகு அம்மா அந்த ஒரு அடியை மட்டும் அவரோடு சேர்ந்து பாடுவாள். கடைசி நாள் காலையிலும் பாடினாள்.

அப்பா டோ, றே, மீ என்று எழுத்தில் எழுதுகிறவர். மேற்சுரம் என்றால் எழுத்துக்கு மேலே ஒரு கீறு, கீழ்ச்சுரம் என்றால் கீழே. அந்த நாட்களில் அவருக்குக் கை நடுக்கம். கீறு மேலேயும் இல்லாமல் கீழேயும் இல்லாமல் பக்கத்தில் விழுந்திருக்கும். போய்க் கொப்பியைப் பார். நீ பார்த்துவிட்டு, கடைசி அடி என்றால் ஏறத்தானே வேண்டும், உன் அமெரிக்க நாடகத்தில் எல்லாப் பாட்டும் அப்படித்தானே முடிகிறது என்று ஏற்றிவிட்டாய். ஒரு தரம் காதால் கேட்டிருந்தால் இந்தப் பிழை வராது.

நான் வந்து ஒன்றும் சொல்லப்போவதில்லை, பயப்படாதே. நீ வாசிப்பது அப்பாவின் பாட்டு இல்லை. நீயே வைத்துக்கொள். இனி எனக்கு எழுதவும் வேண்டாம்.

விக்ரோறியா


பக்குரங்கா
31.8.1987

அக்காவுக்கு,

எழுதவேண்டாம் என்றீர்கள். கொப்பியைத் தபாலில் அனுப்பும்போது ஒரு துண்டாவது வைக்கவேண்டுமே என்று எழுதுகிறேன்.

கீறு பக்கத்தில்தான் விழுந்திருக்கிறது. மேலேயா கீழேயா என்று நான் யோசிக்கக்கூட இல்லை. அதை நினைக்க நினைக்க எனக்கு என்மேல் அருவருப்பாக இருக்கிறது.

வியாழக்கிழமை டொறத்தியிடம் சொன்னேன். அவள் சத்தம் போடவில்லை, போட்டிருந்தால் நன்றாக இருந்திருக்கும். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே இருந்தாள். கடைசிக் காட்சிக்கு வேறு ஆள் பிடிக்க நேரமில்லை, அதை வாசி, அடுத்த நாடகத்துக்கு வரவேண்டாம் என்றாள். சனிக்கிழமை திரை திறக்க முன்னம் முன்னால் வந்து நின்று, பதினாறாவது பாட்டின் மெட்டு அமெரிக்காவில் இருந்து வந்ததல்ல, யாழ்ப்பாணத்து ஜெயரட்ணம் போட்டது என்று சனத்துக்குச் சொன்னாள். பேரைக் கடித்துத் துப்பினாள், ஆனால் சொன்னாள்.

பாடுகிற பெட்டைக்கு அவ்வளவு கீழே குரல் இறங்கவில்லை. அதனால் கடைசி அடியில் அவளை நிறுத்தச் சொல்லிவிட்டுப் பியானோவில் இருந்தபடி நான் பாடினேன். இறகும் தொப்பியும் வேண்டாம் என்று சொல் இல்லாமல் பாடினேன். ஒருவரும் கைதட்டவில்லை. ஆர் செத்தது என்று தெரியாமல் செத்தவீட்டுக்கு வந்தவர்கள்போல இருந்தார்கள். பிறகு மீசைக்கார முதலாளி வந்து கதையைத் தொடர்ந்தார்.

நான் பாடினது சரியா என்று கேட்க உலகத்தில் ஒரே ஒரு ஆள்தான் இருக்கிறார். அவர்தான் எழுதவேண்டாம் என்கிறார்.

ஸ்ரெல்லா


பாபடோயிட்டோய்
3.9.1987

அன்புள்ள ஸ்ரெல்லாவுக்கு,

கொப்பி கிடைத்தது. அதைத் திருப்பி அனுப்புகிறேன். காரணத்தைக் கீழே வாசி.

சனிக்கிழமை நான் கடைசி வரிசையில் இருந்தேன். ஒன்றும் சொல்லப்போவதில்லை என்று எழுதினாலும், நீ டொறத்தியிடம் சொன்னாயா என்று பார்க்க வந்தேன். சொல்லாவிட்டால் எழும்பிக் கத்துகிற எண்ணத்தோடுதான் வந்தேன். நீ பாடினது சரி. அந்த இடம்தான். அம்மா இன்னும் கொஞ்சம் ஆறுதலாகப் பாடுவாள், மற்றப்படி சரி.

அந்தத் தந்தியை அடித்தது அப்பா இல்லை. நான்.

அம்மாவுக்குக் கடுமை, உடனே வா என்று ஒரு துண்டில் எழுதித் தந்து என்னைத் தபாற்கந்தோருக்கு அனுப்பினார். போகிற வழியில் மனம் மாறிப்போனது. உன் பரீட்சை கெட்டுப்போகும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அது பொய். இருபது நாள் அம்மாவைக் கழுவி, துடைத்து, ஊட்டினது நான். நீ வந்து இறங்கினவுடன் அப்பாவும் அம்மாவும் உன் பக்கம் திரும்பிவிடுவார்கள் என்று தெரியும். நீ பாடுவாய், அம்மா உன்னோடு பாடுவாள், நான் தண்ணீர் கொண்டுவருவேன். இன்னும் சில நாள் எனக்கு மட்டும் இருக்கட்டும் என்று நினைத்தேன். கடைசியில் ஆறு நாள்தான் இருந்தது.

ஏன் வரவில்லை என்று அப்பா உன்னை ஒருநாளும் கேட்கவில்லை. வரச்சொல்லியும் நீ வரவில்லை என்று நினைத்துக்கொண்டே அவர் செத்தார். அப்படி நினைத்துக்கொண்டும் கொப்பியை உன்னிடம்தான் தந்தார். அதைத்தான் என்னால் இன்றுவரைக்கும் பொறுக்க முடியவில்லை.

நீ அந்தப் பாட்டைக் கேட்கவில்லை என்று எழுதினேன். உன்னைக் கேட்கவிடாமல் செய்தது நான். கொப்பியை வைத்திருக்க எனக்கு உரிமை இல்லை.

வருகிற சனிக்கிழமை எனக்கு வேலை இல்லை. ரெலிபோனுக்குப் பக்கத்தில் இருப்பேன். என்னைத் திட்டுவதென்றால் திட்டு. அழுதாலும் பாதியில் நிறுத்தாதே.

விக்ரோறியா