இரட்டையரில் இன்னொருவன்

ஜூன் 9, 2025, திங்கள்

இன்று காலை மதுக்கரை ஷட்டில் கோர்ட்டில் ஒரு சாம்ராஜ்யம் கவிழ்ந்தது. பத்திரிகைக்காரர்கள் எழுதப்போவதில்லை. ஆகவே நானே எழுதிவைக்கிறேன்.

பதினோரு வருஷமாக என்னோடு ஜோடி சேர்ந்து இரட்டையர் ஆட்டம் ஆடும் பிரான்சிஸ், இன்று வலைக்கு அந்தப் பக்கம் நின்றான். அவன் பக்கத்தில் அப்புசாமி.

அப்புசாமி வெள்ளகோவில்காரர். அங்கே எண்ணெய் மில் நடத்தியவர். மகன் ஊட்டோடு தங்க இங்கே வந்து இன்னும் வெயில்கூடச் சரியாகப் பழகவில்லை. ஆனால் அவர் ஷூ இருக்கிறதே, அதன் வெள்ளை வெளிச்சத்தில் பாலக்காட்டுக் கணவாய்க்கு அந்தப்புறம் கோழிகள் விடிந்துவிட்டதாக எண்ணிக் கூவுகின்றன. மட்டை எடையே இல்லாதது. ஊதினால் பறக்கும். அவர் மரியாதைதான் கனம்.

“ஏனுங்ணா, நீங்க செத்த நேரம் உக்காந்துக்கோங். நாங்க ஒரு கேம் போட்டுக்கறோம்” என்றார்.

நாங்க. அந்த ‘நாங்க’வுக்குள் பிரான்சிஸ் எப்போது குடிபோனான்? நான் அவனைப் பார்த்தேன். அவன் ஷூ லேஸைக் கட்டிக்கொண்டே இருந்தான். கப்பலைக் கட்டி நிறுத்தும் கயிறுகூட அத்தனை நேரம் ஆகாது.

ஜூன் 11, புதன்

செவ்வந்தி போன் பண்ணினாள். என் தங்கை மகள், பள்ளிக்கூடத்தில் இயற்பியல் டீச்சர். அறிவியல் கண்காட்சியில் இரண்டு என்கிற எண்ணைப் பற்றிப் பேசவேண்டுமாம். “மாமா, ரெண்டு ரெண்டா உலகத்துல என்னென்ன இருக்குது? உங்களுக்குத்தான் இல்லாததுகூடத் தெரியுமே.”

கேட்டாளே கேள்வி, அதுவும் இந்த வாரத்தில் பார்த்து.

மின்வாரியத்தில் போர்மேனாக இருந்து ஓய்வுபெற்றவன் நான். அள்ளி விட்டேன். சுவிட்சுக்கு இரண்டே நிலை, போட்டது, அணைத்தது. உலகத்துக் கம்ப்யூட்டர் அத்தனையும் இந்த ஒரு வேலையைத்தான் செய்கின்றன, என்னிடம் கற்றுக்கொண்டு போய். காந்தத்துக்கு இரண்டு முனை. வெட்டினால் ஒரு முனை தனியாக வராது, வெட்டின துண்டுக்கும் இரண்டு முனை முளைக்கும். மூன்று பேஸ் வேண்டிய தோட்டத்து மோட்டாருக்குப் பாதி நாள் டூ பேஸ் கரண்டுதான் வரும், கெபாசிட்டர் வைத்து ஏமாற்றி ஓட்டவேண்டும். செருப்பு இரண்டு. ஒன்று தொலைந்துவிட்டால் மிச்சம் இருப்பது செருப்பா? வெறும் ரப்பர்.

இதைச் சொன்னதும் பிரான்சிஸ் முகம் வந்து நின்றது. சனியன்.

அவளும் ஒன்று சொன்னாள். சூரியனும் பூமியும் மாதிரி இரண்டே இரண்டு இருந்தால், ஆயிரம் வருஷம் கழித்து எது எங்கே இருக்கும் என்று கணக்குப் போட்டுச் சொல்லிவிடலாமாம். மூன்றாவதாக ஒன்று நடுவில் வந்துவிட்டால் சூத்திரம் படுத்துவிடுமாம். எது யாரைச் சுற்றும், எது எங்கே தெறித்துப் போகும், சொல்லமுடியாதாம்.

“அந்த மூணாவதுக்குப் பேர் அப்புசாமியா கண்ணு?”

“யாருங் மாமா அது?”

“ஒண்ணுமில்ல. அதும் ஒரு கோள்.”

ஜூன் 16, திங்கள்

ஒரு விஷயத்தைப் பதிவு செய்தே ஆகவேண்டும். இரட்டையர் ஆட்டத்தில் பந்து இரண்டு பேருக்கும் நடுவில் வந்தால் ஒருவன் “எனக்கு” என்று கத்தவேண்டும். மற்றவன் ஒதுங்கவேண்டும். இல்லாவிட்டால் இரண்டு மட்டையும் மோதும், இல்லை இரண்டு பேரும் மரம் மாதிரி நிற்போம்.

ஒரு வருஷமாக எல்லாப் பந்தும் பிரான்சிஸுக்கே. என் இடது தோளின் மேல் வந்து உட்காரும் பந்துக்குக்கூட அந்தக் கோடியிலிருந்து ஓடிவந்து “எனக்கு” என்பான். வானத்தில் நிலா தெரிந்தால் அதற்கும் கத்துவான். பேராசைக்காரன் என்று நினைத்துப் பொறுத்துப்போனேன்.

இன்றைக்குப் பார்க்கிறேன், அப்புசாமியிடம் அவன் கத்துவதே இல்லை. “உங்களுக்குங், உங்களுக்குங்” என்று தாம்பூலத் தட்டு நீட்டுகிறமாதிரி விட்டுக்கொடுக்கிறான். ரெண்டாந்தாரத்திடம் மட்டும் என்ன தாராளம்!

ஜூன் 22, ஞாயிறு

பிரான்சிஸிடம் நேராகவே கேட்டுப்போட்டேன். பேக்கரியில், டீக் கிளாஸ் கையில் இருக்கும்போதே.

“அந்தியூருக்குப் பேர் குடுத்தாச்சா?” அந்தியூர்த் திருவிழாச் சமயத்தில் அங்கே வயசானவர்களுக்கு இரட்டையர் போட்டி நடக்கும். போன வருஷம் நாங்கள் இரண்டாம் பரிசு.

“குடுத்தாச்சு.”

“யார் கூட?”

தேங்காய் பன்னை டீயில் நனைத்தான். பதில் பன்னுக்குள் இருக்கிறமாதிரி பார்த்தான். அப்புறம் சொன்னான். “சென்னி, நீ மொதல்ல கண்ணைக் கொண்டுபோய்க் காட்டு. போன மாசம் பந்து நேரா வந்து நெத்தியில அடிச்சுது. நீ மட்டையைத் தூக்கவே இல்ல.”

“வெயிலு கண்ணுல பட்டுப்போச்சு.”

“தகரக் கொட்டாய்க்குள்ள ஏதுடா வெயிலு?”

ஒருவனைக் கழற்றிவிட முடிவு பண்ணிவிட்டால் காரணத்துக்கா பஞ்சம்? இன்று கண். நாளைக்குக் காது. அடுத்த வாரம் என் ஜாதகம். டீயை வைத்துவிட்டு வந்துவிட்டேன். அதை அவன்தான் குடித்திருப்பான். அதற்கும் “எனக்கு” என்று சொல்லியிருப்பான்.

ஜூன் 25, புதன்

கோர்ட்டுக்குப் போகவில்லை. கோர்ட்டுக்கு நஷ்டம்.

ஜூலை 1, செவ்வாய்

அந்தியூரில் கொடுத்தது ஒரே கோப்பை. ஆள் இரண்டு. அதனால் ஆறு மாசம் அவன் ஊடு, ஆறு மாசம் என் ஊடு என்று ஏற்பாடு. ஜனவரியில் இங்கே வந்தது. இன்று திருப்பித் தரவேண்டிய நாள்.

அவன் வருவான் என்று தெரியும். விடியற்காலையிலேயே கோப்பையை அரிசி டின்னுக்குள் இறக்கி மேலே ரெண்டு படி அரிசியைக் கொட்டிவிட்டேன். எத்தனை ராஜாக்கள் கஜானாவைப் புதைத்திருக்கிறார்கள், நான் புதைத்தால் என்ன?

பிரான்சிஸ் வந்தான். வாசலிலேயே நின்றான். “கோப்பை பாலிஷ் போடக் குடுத்திருக்குது” என்றேன்.

உள்ளேயிருந்து கருப்பாத்தாள் குரல். கட்டினவள் இருக்கும்போது எதிரி எதற்கு? “ஏனுங், அரிசி டின்னுக்குள்ளயா பாலிஷ் போடறாங்க? சோத்துக்கு அரிசி எடுக்கோணும், கையில இடிக்குது.”

பிரான்சிஸ் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் சண்டையாவது போட்டிருப்பேன். “சரி, பாலிஷ் ஆகட்டும். வாரேன் ஆத்தா” என்று அவளிடம் சொல்லிவிட்டுப் படியிறங்கினான். கம்பியைப் பிடித்துப் பிடித்து இறங்கினான். நடிப்பு.

ஜூலை 2, புதன்

சோற்றில் பித்தளை வாசம் அடிக்கிறது. சொன்னால் அவளிடம் வாங்கிக் கட்டிக்கொள்ள வேண்டும். தின்றுவிட்டேன்.

ஜூலை 6, ஞாயிறு

செவ்வந்தி ஊட்டுக்கு வந்திருந்தாள். கண்காட்சிக்கு ஒத்திகை பார்க்க எங்களையே சபையாக உட்காரவைத்துப் பேசினாள். நம் ஒவ்வோர் அணுவுக்குள்ளும் — அணு இல்லையாம், செல்லாம் — இரண்டு இழை முறுக்கிக் கிடக்கிறதாம், ஒன்று பழுதானால் மற்றதைப் பார்த்துச் சரிபண்ணிக்கொள்ளுமாம். எனக்குப் பிடித்துப்போயிற்று. பிரான்சிஸ் என்கிற இழை அப்புசாமியோடு முறுக்கிக்கொண்டுவிட்டது, என்னை யார் பார்த்துச் சரிபண்ணுவது என்று கேட்கலாம் என்றிருந்தேன்.

அதற்குள் ஒரு பேனாவை எடுத்தாள். மூடி ஒரு கையில், பேனா ஒரு கையில். இரண்டு கையையும் நீட்டி, ஒரு கண்ணை மூடிக்கொண்டு, சட்டென்று மூடியைப் போடவேண்டும். கருப்பாத்தாள் போட்டாள். தவறிப்போய்க் காற்றில் குத்தினாள். இரண்டு கண்ணையும் திறந்து போட்டாள். கச்சிதமாக உட்கார்ந்தது. தூரம் தெரிவதற்கு ஒரு கண் போதாதாம், இரண்டு கண்ணும் இரண்டு விதமாகப் பார்த்து மூளையிடம் சொல்லவேண்டுமாம்.

“கொண்டா இங்க. கரண்டுக் கம்பத்து உச்சியில நின்னு கண்ணை மூடிட்டே கம்பி முடிஞ்சவன் நான்” என்று வாங்கினேன்.

இரண்டு கண்ணும் திறந்துதான் இருந்தன. மூடி பேனாவுக்கு அந்தப் பக்கம் போயிற்று. மறுபடி போட்டேன். இந்தப் பக்கம் போயிற்று.

“விளையாடாதீங்க மாமா” என்று சிரித்தாள்.

நானும் சிரித்தேன். விளையாடவில்லை.

ஜூலை 7, திங்கள்

கண்ணாடி முன்னால் நின்று வலது கண்ணைப் பொத்திப் பார்த்தேன். கண்ணாடியில் யாரும் இல்லை. மோர் ஊற்றிய மாதிரி ஒரு வெள்ளை.

ஜூலை 9, புதன்

கண் ஆஸ்பத்திரி. இடது கண்ணில் புரை, முற்றிப்போய்க் கிடக்கிறதாம். “எத்தனை நாளா சரியாத் தெரியலீங்க?” என்று டாக்டர் பொண்ணு கேட்டாள்.

“தெரியாததே தெரியலீங் அம்மணி.”

ஒரு கண் நன்றாக இருந்தால் அது மற்றதற்கும் சேர்த்துப் பார்த்துவிடுமாம். ஆள் கண்டுபிடிக்கவே மாட்டானாம். தூரம் மட்டும் ஏமாற்றுமாம். இடது பக்கமாக வருவது வந்து மோதுகிறவரை தெரியாதாம்.

இடது பக்கம்.

அப்ப ஒரு வருஷமா அவன் எனக்கு எனக்குன்னு கத்துனது — அட போடா. அந்தக் கோடியிலிருந்து எம்பட தோளுக்கு ஓடி வந்தது — அவனுக்கு எப்பவே தெரிஞ்சிருக்குது. எனக்குத் தெரியறதுக்கு முன்னாடியே தெரிஞ்சிருக்குது. அப்பச் சொல்லியிருக்கலாமில்ல? சொன்னான். பன்னை நனைச்சுட்டே சொன்னான். நான் தகரக் கொட்டாய்க்குள்ள வெயிலுன்னேன்.

சரி. எல்லாம் சரி. ஆனாலும் அதற்கு எதுக்கு அப்புசாமி? வேற ஆளே இல்லையா மதுக்கரையில?

ஜூலை 17, வியாழன்

இன்று ஆபரேஷன். கருப்பாத்தாள் தகவல் கொடுத்துவிட்டாள் போல. காலையில் வாசலில் கார். பிரான்சிஸ் முன்சீட்டில். ஓட்டிக்கொண்டு வந்தவர் அப்புசாமி. வெள்ளை ஷூ.

“ஏறுங்ணா, பஸ்ஸுல போனாத் தூசி படும்.”

அந்தக் காரில் ஏசி நன்றாக இருந்தது. எழுதவே கை கூசுகிறது, இருந்தாலும் வரலாற்றுக்கு உண்மை வேண்டும்.

நான் மடியில் ஒரு துண்டு மூட்டை வைத்திருந்தேன். ஆத்துப்பாலம் தாண்டும்போது அதை முன்சீட்டுக்கு நீட்டினேன். “பாலிஷ் முடிஞ்சுது.”

பிரான்சிஸ் துண்டைப் பிரித்து, கோப்பையைக் கவிழ்த்துத் தட்டினான். நாலு அரிசி விழுந்தது. “பரவால்ல, நல்லாத்தான் போட்டிருக்காங்க” என்றான்.

ஜூலை 18, வெள்ளி

கட்டைப் பிரித்தார்கள். பிரம்மன் உலகத்தை மறுபடி ஒருமுறை படைத்து, இந்தத் தடவை கொஞ்சம் அக்கறை எடுத்துச் செய்திருக்கிறான். வேப்பமரத்தில் கிளைக்குப் பின்னால் கிளை, அதற்குப் பின்னால் இன்னொரு கிளை. இத்தனை நாள் சுவரில் ஒட்டிய காலண்டர் படம் மாதிரி இருந்தது.

சாயந்திரம் பிரான்சிஸ் வந்தான். அவனையும் இரண்டு கண்ணால் பார்த்தேன். இவ்வளவு நரைத்துவிட்டானா? வலது முழங்கால் வீங்கி, பேண்ட்டுக்கு மேலேயே தெரிந்தது. கம்பியைப் பிடித்துத்தான் ஏறினான்.

அவன் போனதும் கருப்பாத்தாளிடம் கேட்டேன். “அந்தண்ணனுக்குத் தீவாளியில இருந்தே முட்டி வலி. ரொம்ப ஓடக்கூடாதுன்னு சொல்லியிருக்காங்க. ஊர்ல எல்லாருக்கும் தெரியும்” என்றாள்.

கோர்ட்டில் இரண்டு பேருக்கு இரண்டு பாதி. ஒரு வருஷமாக அவன் ஒன்றரைப் பாதி ஓடியிருக்கிறான். அப்புசாமியோடு ஆடினால் அரைப் பாதிதான் ஓடவேண்டும். மிச்சத்தை அந்த வெள்ளை ஷூ பார்த்துக்கொள்ளும்.

இதற்கு மேல் இன்றைக்கு எழுதக்கூடாது. கண்ணில் தண்ணீர் வரக்கூடாதென்று டாக்டர் பொண்ணு சொல்லியிருக்கிறாள்.

ஆகஸ்ட் 17, ஞாயிறு

அந்தியூர். கறுப்புக் கண்ணாடியோடு பார்வையாளர் வரிசையில் மகாராஜா மாதிரி உட்கார்ந்திருந்தேன். இன்னும் ஆடக்கூடாது.

பிரான்சிஸும் அப்புசாமியும் முதல் சுற்றிலேயே தோற்றார்கள். துக்கம் தாளாமல் கடையில் இரண்டு பரோட்டா கூடுதலாகச் சாப்பிட்டேன்.

பக்கத்தில் வந்து உட்கார்ந்து அப்புசாமி சொல்கிறார், “நீங்க நின்னிருந்தா பைனல் போயிருக்குமுங்ணா. அவரு பந்து வரும்போதெல்லாம் திரும்பிப் பாக்கறாரு, அந்த எடத்துல நானு நிக்கறேன்.”

இந்த மனுஷர் நிம்மதியாகப் பொறாமைப்படக்கூட விடமாட்டேன் என்கிறார்.

ஆகஸ்ட் 29, வெள்ளி

கண்காட்சியில் செவ்வந்தி பேசினாள். மூன்றாவது கோளைப் பற்றிச் சொல்லும்போது முதல் வரிசையைப் பார்த்தாள். நான் கூரையைப் பார்த்தேன். கணக்குப் போடமுடியாது என்றுதான் சொன்னாள், கெட்டது என்று சொல்லவில்லை. குறித்துக்கொள்கிறேன்.

செப்டம்பர் 8, திங்கள்

டாக்டர் பொண்ணு ஆடலாம் என்றுவிட்டாள். காலையில் கோர்ட்டுக்குப் போனேன். நான் கேட்கவில்லை, அவனும் அழைக்கவில்லை. வலைக்கு இந்தப் பக்கம் ஒரு இடம் காலியாக இருந்தது. போய் நின்றேன். பிரான்சிஸ் முட்டிக்குப் பட்டை போட்டிருந்தான். எதிரில் அப்புசாமியும் அவர் மகனும்.

நாலாவது, ஐந்தாவது புள்ளி இருக்கும். அப்புசாமி உயரத் தூக்கி அடித்தார். பந்து எங்கள் இருவருக்கும் நடுவில், கொஞ்சம் பிரான்சிஸ் பக்கமாகவே இறங்கியது. இறகெல்லாம் தனித்தனியாகத் தெரிந்தது. எவ்வளவு தூரம் என்று தெரிந்தது. பிரான்சிஸ் பழக்கத்தில் வாயைத் திறந்தான், வலது காலை எடுத்து வைக்கப் போனான்.

“எனக்கு” என்றேன்.

காலை அப்படியே கீழே வைத்தான்.