என் சோட்டியில் நீ

ஊர்காவற்றுறை
12.03.2024

அன்புத் தங்கச்சி ஜெயந்தாவுக்கு,

நீ சுகமாயிருக்க மாதாவை மன்றாடுகிறேன். போனில் இதைச் சொல்ல முடியாது. போன் எடுத்தால் அம்மா பக்கத்திலேயே இருப்பா. அவவுக்கு முன்னால் நான்தான் ஜெயந்தா.

மார்கழியில் நத்தார்ப் பூசைக்கு நீ அனுப்பிய சிவப்புச் சட்டையைப் போட்டேன். "ஜெயந்தா, பாரிசிலயிருந்து எப்ப வந்தனீ?" என்று அம்மா கட்டிப்பிடித்தா. அவ்வளவு மறதி. என் கையால் வாங்காத சோற்றை உன் கையால் வாங்கிச் சாப்பிட்டா. அன்று தொட்டு, வேளைக்கு வேளை அந்தச் சட்டையை மாட்டிக்கொண்டு உன்னைப்போலச் சிரிக்கிறேன். வீட்டில் போடும் தொளதொள கவுன், அந்த நீலச் சோட்டியோடு போனால்தான் நான் பிரேமினி. அவளைக் கண்டால் அம்மா முகத்தைத் திருப்புறா.

ஒரு மாதம் வந்து நில்லடி. கொஞ்சநாள் நான் நானாக இருக்க வேண்டும்.

அன்பு அக்கா,
பிரேமினி

பாரிஸ்
02.04.2024

அன்பு அக்காவுக்கு,

வாசித்துவிட்டு அழுதேன். பிறகு, கோபிக்காதேங்கோ, அடுத்த நாடக ஆற்றுகையை எழுதத் தொடங்கினேன். போன வருடம் மேடையில் பஸ் சாரதியாகவும் கன்னியாஸ்திரியாகவும் மாறினேன். இந்த முறை நீங்களாக மாறப்போகிறேன். அந்த நீலச் சோட்டியை அனுப்புவீர்களா? தோய்க்க வேண்டாம், உங்கள் மணம் வேண்டும். ஆவணியில் வரும்போது கையோடு கொண்டுவருவேன்.

உங்கள் செல்லத் தங்கச்சி,
ஜெயந்தா

ஊர்காவற்றுறை
20.04.2024

அன்புத் தங்கச்சிக்கு,

மீன் வெட்டிய கையைத் துடைத்த சோட்டியை அப்படியே அனுப்ப வெட்கமாக இருந்தது. ஆனாலும் அனுப்பிவிட்டேன். அம்மாவுக்குத்தான் அதைப் பிடிக்காதே. நீ வந்தால் போதும். உனக்கு அறை ஒதுக்கிவிட்டேன்.

அக்கா

பாரிஸ்
29.06.2024

அன்பு அக்கா,

மண்டபம் நிறைந்த சனம்! முடிவில் உங்கள் சோட்டியைக் கத்தரிக்கோலால் வெட்டி, ஆளுக்கொரு துண்டு கொடுத்தேன். உங்களை விடுதலை செய்கிற மாதிரி. எல்லாரும் எழும்பி நின்று கைதட்டினார்கள். ஜெனீவாவிலும் கூப்பிடுகிறார்கள், ஆவணியில் வர ஏலாது. கோபமில்லையே?

ஜெயந்தா

ஊர்காவற்றுறை
14.07.2024

ஜெயந்தாவுக்கு,

நேற்று வாயில் சோறு தீத்தும்போது அம்மா கேட்டா: "கொக்கா சாப்பிட்டவளோ?"

உன் அக்காவைத்தான் கேட்டா. என்னை.

"பாவம் அவள். சும்மா சும்மா ஏசிப்போட்டன். கூப்பிடு பிள்ளை, ஒருக்கால் பாக்கோணும்."

அறைக்குள் ஓடிச் சட்டையைக் கழற்றினேன். இருந்தது பச்சைச் சோட்டிதான். அதைப் போட்டுக்கொண்டு வந்து நின்றேன்.

"நீ ஆர் பிள்ளை?"

"நான் பிரேமினி, அம்மா."

"இல்லை, அவள் நீலமெல்லோ போடுறவள். ஜெயந்தா! ஆரோ வந்து நிக்கினம், பாரடி!"

திரும்பப் போய்ச் சிவப்புச் சட்டையைப் போட்டேன். அம்மாவுக்கு உயிர் வந்தது. "கொக்கா எங்கை?" என்று கேட்டா.

"அக்கா பாரிசுக்குப் போயிட்டா, அம்மா."

"போகட்டும். இஞ்சை கிடந்து என்னத்தைக் கண்டவள்" என்று சொல்லி வாயைத் திறந்தா. மிச்சச் சோற்றையும் தீத்தினேன்.

இனி இந்த விலாசத்துக்குப் பிரேமினி என்று பெயர் போட்டு எழுதாதே.