இரண்டு கை வைத்த புழு

அம்மாவுக்கு எர்மெலிந்தா வணக்கத்துடன் எழுதுவது. மூட்டுவலி குறைந்ததா? என் குட்டி நாசாரியோ பால் மறந்துவிட்டானா? நான் சுகம். உடம்பு அலுப்புதான், வேறொன்றுமில்லை.

இந்தப் பாஹா பாலைவனத்து மணலுக்குள் அஹோலோத்தே என்றொரு பிராணி இருக்கிறது. பார்க்க மண்புழு மாதிரி, ஆனால் தலைக்குக் கீழே இரண்டே இரண்டு கை. "கள்ளிப் பக்கம் ஒதுங்கினா அது உடம்புக்குள்ள ஏறிடும்டி" என்று மேஸ்திரி ருதிலியோ மிரட்டியே வைத்திருந்தார். தக்காளி பறிக்கும் பெண்கள் எல்லோரும் பொழுது சாயும்வரை ஒன்றுக்குக்கூடப் போகாமல் அடக்கிக்கொண்டு கிடந்தோம்.

நேற்று, காய்ந்த செடியைப் பிடுங்கும்போது அது என் உள்ளங்கைக்கே வந்துவிட்டது. மேஸ்திரி பாய்ந்து வண்டிமேல் ஏறிக்கொண்டார். அவருக்கும் நிஜமாகவே பயம்.

"அதத் தூக்கி எறி, தாயே" என்றார்.

"இது என் கையிலதான இருக்கு மேஸ்திரி. இவங்கள்லாம் கள்ளிப் பக்கம் போயிட்டு வரட்டும், அப்புறம் விடறேன்."

எல்லோரும் சிரித்துக்கொண்டே போய் வந்தார்கள். அதுவரை அது என் விரலைப் பற்றிக்கொண்டிருந்தது. பிறந்த குழந்தையின் நிறம். கைக்கு ஐந்து விரல், விரலுக்கொரு நகம். பிறகு விட்டுவிட்டேன்.

சோளக்கதிரின் முடியைக் காயவைத்துக் கொஞ்சம் அனுப்புங்கள், கஷாயத்துக்கு. நீர்க்கடுப்பு எனக்கில்லை, பக்கத்துக் கட்டில்காரிக்கு.

நாசாரியோவுக்குத் தூங்கும்போது நகம் வெட்டிவிடுங்கள், முகத்தைக் கீறிக்கொள்வான். வண்டி வந்துவிட்டது. வெட்டிய நகத்தை எறிந்துவிடாதீர்கள் அம்மா, அந்தச் சோளமுடிப் பொட்டலத்திலேயே வைத்து அனுப்புங்கள்.

எர்மெலிந்தா