பின்வரிசையில் உட்கார்ந்த எம்.பி.

கோடை விடுமுறை முடிந்து இன்று கோர்ட் திறந்தது. பீரோவிலிருந்து கறுப்பு கவுனை எடுத்து உதறியதும் அந்துருண்டை வாசனை மூக்கில் ஏறியது. கூடவே நினைவில் நீயும் வந்துவிட்டாய். எண்பத்தொன்பதில் திருவண்ணாமலை கோர்ட்டில் நாம் இரண்டு பேரும் ஜூனியர் வக்கீல்களாகச் சேர்ந்த புதிது. எனக்குக் கவுன் தைத்து வரும்வரை உன்னுடையதைத்தான் மாற்றி மாற்றிப் போட்டுக்கொண்டோம்.

கல்யாணமாகி கனடா போனாய். நம் பட்டம் அங்கே செல்லாது என்றார்கள். பகலில் துணிக்கடையில் நின்றபடி, கைக்குழந்தையோடு மறுபடியும் சட்டம் படித்தாய். "கிளாஸ்ல என்னைப் பாத்து டீச்சர்னு நெனைச்சிட்டாங்கடி" என்று எழுதியிருந்தாய். பிறகு வக்கீலாகி, அடைக்கலம் தேடி வந்தவர்களுக்காக வாதாடினாய். அந்த ஜனங்களே உன்னைத் தேர்தலில் நிற்கவைத்து பார்லிமென்டுக்கு அனுப்பினார்கள். கீழ்பென்னாத்தூரில் நிலக்கடலை வாங்கி விற்கிற தன் மல்லாட்டை மண்டியில் உன் அப்பா எல்லோருக்கும் ஜிலேபி கொடுத்தார்.

எம்.பி. ஆன பிறகு ஒருமுறைதான் வந்தாய். மாலை மரியாதை எதுவும் வேண்டாமென்று, டவுன் பஸ் பிடித்து நேரே கோர்ட்டுக்கு வந்து நின்றாய்.

அன்று ரமணாசிரமத்துப் பக்கம் வாடகை அறையில் இருந்த ஒரு வயதான வெளிநாட்டுப் பெண்ணை, விசா முடிந்துவிட்டதென்று போலீஸ்காரர்கள் கூட்டி வந்திருந்தார்கள். அவளுக்காகப் பேச யாருமில்லை. நானும் தயங்கினேன்.

"இந்த மாதிரி கேஸ் நான் பாத்ததே இல்லடி. நீயே பேசேன்."

"எனக்கு இங்க வாயைத் தொறக்க உரிமை ஏது? நான் இப்போ வெளிநாட்டுக்காரிடி." சிரித்தாய். சிரிப்பு பாதியிலேயே நின்றுபோனது. "நீ பேசு. நான் எழுதித் தர்றேன்."

ஒரு தேசத்துக்கே சட்டம் செய்கிற நீ, வராந்தாத் தரையில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து, கையைப் பிடித்துக்கொண்டு முழுக் கதையும் கேட்டாய். ஜாமீன் மனுவை உன் கையாலேயே எழுதினாய். பிறகு பின்வரிசையில் போய் உட்கார்ந்தாய். டவாலி போட்ட கோர்ட் சேவகர் வந்து, "ஏம்மா, கால் மேல கால் போடாத" என்று அதட்டினார். சட்டென்று காலை இறக்கிக்கொண்டாய்.

"வெளிய விட்டா ஓடிட மாட்டாங்களா?" என்றார் மாஜிஸ்திரேட்.

நீ எழுதியிருந்த கடைசி வரியைப் படித்தேன். "பதினோரு வருஷமா இந்த ஊரை விட்டு எங்கயும் போகாதவங்க, ஐயா. ஓடிப்போக இவங்களுக்கு வேற ஊரே இல்ல."

மாஜிஸ்திரேட் ஜாமீன் கொடுத்தார். அவளுக்கு அறை வாடகைக்குக் கொடுத்தவரும் தெருமுனைப் பூக்கடைக்காரரும் பிணை நின்றார்கள். அவள் வெளியே வந்ததும் உன் தோளில் சாய்ந்து அழுதாள். நீ யாரென்று கடைசிவரை அவளுக்குத் தெரியாது.

போன மாதம் உன் மகள் போன் செய்து, நீ போய்விட்டாய் என்றாள்.

முன்பெல்லாம் தெரியாத வழக்கென்றால் வேறு வக்கீலைக் கைகாட்டிவிடுவேன். நீ பின்வரிசையில் உட்கார்ந்த அந்த நாளுக்குப் பிறகு யாரையும் அப்படித் திருப்பி அனுப்பியதில்லை. இன்று சாயங்காலம், ஒடிசாவிலிருந்து கட்டட வேலைக்கு வந்த பெண்ணொருத்தி என் ஆபீஸ் வாசலில் நின்றாள். அவள் சொன்னதில் ஒரு வார்த்தைகூட எனக்குப் புரியவில்லை.

"உள்ள வாம்மா" என்றேன்.